600 மி.மீ. லென்ஸில் எடுத்த கண்மாய்க் காட்சிகள் நெளிகின்றன. லென்ஸ் பழுதா?

கண்மாய்க்கரை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். மதுரை அருகே சாமநத்தம் கண்மாயை வைத்து 12 நிமிட ஆவணப்படம் ஒன்று எடுத்து வருகிறேன். ஐப்பசி மழையில் தண்ணீர் வந்து சேர்வதில் தொடங்கி, சித்திரையில் வற்றிக் குட்டையாகிற வரை ஒரு கண்மாயின் வருஷம். அதுதான் படம்.

கையில் இருப்பது 4கே, 50 ஃபிரேம், 10 பிட் எடுக்கும் மிரர்லெஸ் கேமரா, 200-600 லென்ஸ், புகைப்படத்துக்கு வாங்கிய பால்ஹெட் (உருண்டை மூட்டுத் தலை) ட்ரைபாட். காலை 9 மணிக்கு மேல் எடுத்தது எல்லாமே நெளிகிறது. தண்ணீருக்குள்ளிருந்து பார்ப்பதுபோல் கூழைக்கடாவின் கழுத்து அலைகிறது. ஆட்டோ ஃபோகஸ் முன்னும் பின்னும் தாவுகிறது. ஸ்டெபிலைசரைப் போட்டாலும் நிறுத்தினாலும் அதேதான். லென்ஸை சர்வீஸுக்குக் கொடுக்க வேண்டுமா?

இன்னும் இரண்டு கேள்விகள். பறவைக்கு எவ்வளவு பக்கத்தில் போகலாம், ஒளிந்திருந்து எடுக்க மறைப்பு எப்படிக் கட்டுவது? கேமரா மைக்கில் காற்றும் மோட்டார் சத்தமும் தவிர எதுவும் விழுவதில்லை, அதற்கு என்ன வழி? தை மாதம் மேலூர் அருகே அரிட்டாபட்டிக் குன்றில் வல்லூறு கூட்டையும் எடுக்க ஆசை. அதற்கும் யோசனை சொல்லுங்கள்.

---

நாகமலை பதில்:

லென்ஸைக் கொடுத்துவிடாதீர்கள். நீங்கள் படம் பிடித்திருப்பது கானலை.

வெயில் ஏற ஏறத் தரை சூடாகி, அதை ஒட்டிய காற்றும் சூடாகிக் குமிழ் குமிழாக மேலே எழும்புகிறது. சூடான காற்றும் குளிர்ந்த காற்றும் ஒளியை வேறு வேறு அளவில் வளைக்கும். 150 மீட்டருக்கு அப்பால் நிற்கும் பறவையிலிருந்து வரும் ஒளி இப்படிப்பட்ட நூற்றுக்கணக்கான காற்றுத் துண்டுகளைத் தாண்டித்தான் லென்ஸுக்கு வருகிறது. ஃபிரேமின் ஒவ்வொரு இடமும் ஒவ்வொரு திசையில் நெளிவதால் ஸ்டெபிலைசரால் ஒன்றும் செய்ய முடியாது. அது முழு ஃபிரேமையும் ஒரே பக்கம் நகர்த்தத் தெரிந்த கருவி. ஷட்டரைக் கூட்டினாலும், எஃப் 11க்குப் போனாலும் பயனில்லை. கிராப் மோடில் (சென்ஸாரின் நடுப்பகுதியை மட்டும் பயன்படுத்தி) 900 மி.மீ. ஆக்கினால் நெளிவும் ஒன்றரை மடங்கு ஆகும். எடிட்டிங்கில் சரிசெய்யலாம் என்ற நம்பிக்கையும் வேண்டாம்.

சந்தேகம் தீர ஒரு சோதனை. நண்பகலில் 10 மீட்டரில் ஒரு செங்கல்லை வைத்து 600-இல் எடுங்கள். செங்கல்லின் சொரசொரப்பு தெளிவாக விழுந்தால் லென்ஸில் பழுதில்லை. முன்னால் மலிவான யூவி கண்ணாடி மாட்டியிருந்தால் முதலில் அதைக் கழற்றுங்கள், 600 மி.மீ.யில் அதுவே படத்தை மழுக்கிவிடும்.

இனி வழி. எந்தக் காற்றின் வழியாகப் பார்க்கிறீர்கள் என்பதுதான் எல்லாவற்றையும் முடிவு செய்கிறது. தார்ச்சாலை, கரையில் பதித்த கல், வறண்ட உள்வாய் (கண்மாயின் உட்பகுதி) மண் ஆகியவற்றின் மேலாகப் போகும் பார்வைக்கோடு மிக மோசம். பச்சை நெல்வயல், தண்ணீர் இவற்றின் மேலாகப் போனால் நெளிவு குறையும். அதே பறவையை, கல் பதித்த கரை நெடுக்கப் பார்ப்பதைவிட, மடைப்பக்கம் நின்று தண்ணீரின் குறுக்கே பார்ப்பது நல்லது. மார்கழி விடியலில் மட்டும் இது கொஞ்சம் தலைகீழாகும். அப்போது தண்ணீர் காற்றைவிடச் சூடாக இருப்பதால் நீர்மட்டத்தை ஒட்டி ஆவியும் லேசான நெளிவும் இருக்கும். வெயில் விழுந்து கொஞ்ச நேரத்தில் அடங்கிவிடும்.

நேரக் கணக்கு: சித்திரை, வைகாசியில் காலை ஏழரை வரை. மார்கழி, தையில் ஒன்பது வரை தாங்கும். மழை பெய்து ஓய்ந்த நாளும் மூடாக்கு நாளும் வரப்பிரசாதம், அன்று நண்பகலிலும் எடுக்கலாம். மாலையைக் காலைக்குச் சமமாக எண்ண வேண்டாம். நாள் முழுக்கக் காய்ந்த மண்ணும் பாறையும் பொழுது சாய்ந்த பிறகும் சூட்டைக் கக்கிக்கொண்டிருக்கும். அரிட்டாபட்டிப் பாறையில் இது இன்னும் கூடுதல், அங்கே காலை மட்டும்தான்.

ரெக்கார்ட் பட்டனை அழுத்தும் முன் திரையைப் பெரிதாக்கி, அசையாத ஒரு பட்ட மரக்கிளையின் விளிம்பைப் பாருங்கள். விளிம்பு துடித்தால் கேமராவை மூடிவிட்டுப் பறவையைக் கண்ணால் பார்த்துக் குறிப்பு எழுதுங்கள். எந்தக் கொப்பில் இறங்குகிறது, எத்தனை நிமிடத்துக்கு ஒருமுறை வருகிறது என்ற அந்தக் குறிப்புதான் மறுநாள் விடியலில் கேமராவை எங்கே வைப்பது என்று சொல்லும்.

இரண்டு சின்னத் தவறுகளும் கானல்போலவே காட்டும். ஏசி காரிலிருந்து எடுத்த லென்ஸின் ஹுட்டுக்குள் (முன்னால் மாட்டும் நிழல் குழல்) குளிர்ந்த காற்றும் சூடான காற்றும் கலந்து சுழலும். பைக்குள்ளேயே வைத்து அரை மணி நேரம் வெளிச்சூட்டுக்குப் பழக்கிவிட்டு எடுங்கள், கண்ணாடியில் பனி பூப்பதும் நிற்கும். காரின் பானெட்டுக்கு மேலாக எடுத்தாலும் எஞ்சின் சூடு நெளியும்.

ஃபோகஸைக் கையால் வையுங்கள். நெளியும் விளிம்பை ஆட்டோ ஃபோகஸ் நம்பாது, அதனால்தான் தாவுகிறது.

---

மேலூர் வல்லூறு பதில்:

நாகமலை அண்ணன் சொன்னதோடு ஒன்று சேர்த்துக்கொள்ளுங்கள் தம்பி. கானலுக்கு உண்மையான மருந்து, இடையில் இருக்கும் காற்றைக் குறைப்பது. 150 மீட்டரை 25 மீட்டர் ஆக்கினால் ஒன்பது மணிக்கும் எடுக்கலாம். அதற்குத்தான் மறைப்பு.

கடையில் விற்கும் மடக்குக் கூடாரம் நம் வெயிலுக்கு ஆகாது. உள்ளே அவிந்துபோவீர்கள், துணியும் காற்றில் படபடக்கும். பறவையை விரட்டுவது பெரும்பாலும் உருவமல்ல, அசைவுதான். நான்கு சவுக்குக் கம்பு, நாலடிக்கு நாலடி, உயரம் நாலரை அடி. மேலே தென்னங்கீற்று. நான்கு பக்கமும் கோணிச்சாக்கை இழுத்துத் தைத்து விடுங்கள். முதுகுப்பக்கம் சாக்கு இரண்டு மடிப்பு இருக்கட்டும், பின்னாலிருந்து வெளிச்சம் ஊடுருவினால் உங்கள் நிழல் முன்பக்கச் சாக்கில் ஆடும். லென்ஸ் துவாரம் தரையிலிருந்து இரண்டடிக்குள் இருந்தால்தான் பறவையின் கண்மட்டம் கிடைக்கும். துவாரத்தைச் சுற்றிக் கறுப்பு வலை.

ஒரே நாளில் கிட்டே கொண்டு போகக்கூடாது. முதல் நாள் 60 மீட்டரில் நட்டுவிட்டு ஆளில்லாமல் விட்டுவிடுங்கள். பறவை பழையபடி மேயத் தொடங்கினால் மறுநாள் 10 மீட்டர் முன்னே. இப்படி நான்கு, ஐந்து நாள். ஒரு நாள் பறவை ஒதுங்கிப் போனால் பழைய இடத்துக்கே திரும்புங்கள். கிழக்குக் கரையில் கட்டினால் காலை வெயில் உங்கள் முதுகுக்குப் பின்னால் இருக்கும்.

ஐந்தேகாலுக்கு, இருட்டோடு உள்ளே போய்விட வேண்டும். வெளிச்சம் வந்தபின் போக நேர்ந்தால் இருவராகப் போய் ஒருவர் மட்டும் திரும்பி நடங்கள். பறவைகள் ஆள் போய்விட்டதாக எடுத்துக்கொள்ளும். கரையில் கண்ணாடி விரியன் கிடக்கும் நேரம் அது, டார்ச்சும் முழங்கால் வரையிலான பூட்ஸும் இல்லாமல் கால் வைக்காதீர்கள். உள்ளே 3 லிட்டர் தண்ணீர், உப்புச் சர்க்கரைக் கரைசல், சின்ன முக்காலி. அவ்வளவுதான்.

கட்டுவதற்கு முன் மீன்பாசி குத்தகை எடுத்தவரிடமும் ஊராட்சித் தலைவரிடமும் சொல்லிவிடுங்கள். குத்தகைக்காரரின் காவல் ஆள் நீர்க்காகத்தை விரட்ட வெடி போட்டால் உங்கள் நான்கு நாள் உழைப்பும் அந்த நிமிடமே போச்சு. அவரிடம் பேசினால் எந்தப் பக்கம் எப்போது வலை விழும் என்பதும் தெரியும், வற்றும் காலக் காட்சிக்கு அது முக்கியம். உள்வாயில் நிற்கும் கருவேல மரங்களில் நாரையோ கொக்கோ கூடு வைத்திருந்தால் அந்த மரத்தடிக்கு மறைப்பு வேண்டாம். அங்கே தூரத்துக் காட்சியே போதும்.

இப்போது வல்லூறு. அரிட்டாபட்டி 2022 நவம்பரில் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்டது, மீனாட்சிபுரத்தையும் சேர்த்து 193.42 ஹெக்டேர். லகர் வல்லூறு, ஷாகின் வல்லூறு, ராசாளிக் கழுகு மூன்றும் அங்கே உண்டு. ஆனால் கூட்டுக்காக அங்கே போகிறேன் என்று சொல்வதால் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் ‘வேட்டை’ என்ற சொல்லுக்குக் கொடுக்கும் விளக்கத்திலேயே, காட்டுப் பறவையின் முட்டையையோ கூட்டையோ தொந்தரவு செய்வதும் அடங்கும். துப்பாக்கி தேவையில்லை. கேமராவோடு கூட்டருகே ஏறி நிற்பதே அந்த எல்லைக்குள் வந்துவிடலாம்.

சட்டத்தை விடுங்கள், வெயிலை நினையுங்கள். குளிர்நாடுகளில் தாய் எழுந்துபோனால் முட்டை குளிர்ந்து கெடும். இங்கே மாசி வெயிலில் மொட்டைப் பாறையில் கிடக்கும் முட்டையும் குஞ்சும் சூட்டில் கெடும். தாய் அங்கே உட்கார்ந்திருப்பதன் பாதி வேலை நிழல் கொடுப்பது. நீங்கள் பத்து நிமிடம் கூடுதலாக நின்றதால் அது பறந்தே திரிந்தால், அதற்குள்ளேயே கூடு முடிந்துபோகலாம்.

ஆகவே எதிர்க்குன்றிலிருந்து, 200 மீட்டருக்குக் குறையாமல், விடிந்த முதல் ஒரு மணி நேரம். பள்ளத்தாக்கின் குறுக்கே பார்ப்பதால் பார்வைக்கோடு தரையை ஒட்டாது, கானலும் குறைவு. மேலே வட்டமிட்டு ‘கெக்கெக்கெக்’ என்று விடாமல் கத்தினாலோ, இரையோடு வந்து கூட்டில் இறங்காமல் பக்கத்துப் பாறையில் உட்கார்ந்து உங்களையே பார்த்தாலோ, உடனே மூட்டை கட்டுங்கள். கூடு இருக்கும் இடம் அடையாளம் தெரியும்படியான அகலக் காட்சியைப் படத்தில் வைக்காதீர்கள், ஜிபிஎஸ் குறிப்பையும் கோப்பிலிருந்து நீக்குங்கள். போவதற்கு முன் மாவட்ட வன அலுவலரிடமும், ஊரின் பல்லுயிர் மேலாண்மைக் குழுவிடமும் எழுத்தில் தெரிவியுங்கள். குடைவரைக் கோயில், தமிழிக் கல்வெட்டு இருக்கும் பக்கம் ட்ரைபாட் வைக்கத் தொல்லியல் துறையிடம் தனியாகக் கேட்டுக்கொள்ளுங்கள்.

பின்னால் ஶ்ரீவில்லிபுத்தூர், மேகமலை என்று போனால் அது சரணாலயம், நடைமுறை வேறு. சட்டத்தின் 28-ஆம் பிரிவின்படி தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி வேண்டும். 2022 திருத்தம் அந்தப் பிரிவில் ‘புகைப்படம்’ என்றிருந்த இடத்தில், வாழிடத்தை மாற்றாமலும் உயிரினத்தைப் பாதிக்காமலும் எடுக்கும் படப்பிடிப்பையும் சேர்த்தது. 2023 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. விண்ணப்பத்தில் ஆட்கள் எத்தனை பேர், கருவிகள் என்னென்ன, எந்தெந்தத் தேதி என்று தெளிவாக எழுதினால் கேள்விக் கடிதம் வருவது குறையும்.

ட்ரோன் கேட்கவில்லை, ஆனாலும்: சாமநத்தம் மதுரை விமான நிலையத்துக்கு மிக அருகே. ட்ரோன் எங்கே பறக்கலாம் என்று காட்டும் அரசின் டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தைப் பார்த்தாலே விடை தெரியும். நாரைக்கூட்டம் இருக்கும் கண்மாய்க்கு அது எப்படியும் வேண்டாம்.

---

ஒலிப்பெட்டி பதில்:

சத்தத்த பத்தி நான் சொல்றேன்.

கேமரா மைக்கை மறந்துடுங்க. 100 மீட்டர் தள்ளி இருக்கிற பறவைய லென்ஸ் கிட்ட கொண்டாரும், மைக் கொண்டாராது. ஷாட்கன் மைக்கும் சத்தத்த இழுத்துக்கிட்டு வர்ற கருவி இல்ல, பக்கவாட்டுச் சத்தத்தக் குறைக்கிறது மட்டும்தான் அதோட வேலை. அதனால படமும் ஒலியும் தனித்தனியா எடுக்கணும். சின்ன ரெக்கார்டர் ஒண்ணு, அதுக்கு முடி வச்ச காற்று உறை. நுரை உறை மட்டும் போட்டா கண்மாய்க்கரைக் காத்துக்குத் தாங்காது.

முதல்நாள் சாயங்காலமே ரெக்கார்டர ஒரு கருவேல மரத்துல, ஆள் மார்பு உயரத்துல, கூடு இல்லாத கொப்புல கட்டிடுங்க. பவர்பேங்க் மாட்டி ராத்திரி முழுக்க ஓடட்டும். 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், ஸ்டீரியோன்னா மணிக்கு 1 ஜிபி கணக்கு, 32 ஜிபி கார்டு தாராளம். சத்தம் கூடினாலும் உடையாம பதியுற 32 பிட் ஃப்ளோட் வசதி இருந்தா லெவல் கவலையே இல்ல. இல்லைன்னா உச்சச் சத்தம் மீட்டர்ல -12 டெசிபலத் தாண்டாம வைங்க. 80 ஹெர்ட்ஸுக்குக் கீழ இருக்கிற தாழ்ந்த சத்தத்தக் குறைக்கிற லோகட் போடுங்க, பக்கத்து வயல் மோட்டாரோட உறுமல் கொஞ்சம் அடங்கும், முழுசாப் போகாது. மும்முனை மின்சாரம் எந்நேரம் வருதுன்னு விவசாயிகிட்ட கேட்டு, அது இல்லாத நேரத்துல எடுக்கிறதுதான் சரியான வழி.

மாசமும் பாக்கணும். மார்கழியில நாலரை மணிக்கே கோயில் குழாய் பாட ஆரம்பிச்சுடும். படத்துக்கு அருமையான வெளிச்சம் அந்த மாசம்தான், ஒலிக்கு மட்டும் ஐப்பசி கார்த்திகை, இல்லன்னா தை பிறந்த பிறகு. ஆடிக்காத்துல ஒலிப்பதிவே வேண்டாம்.

ஒவ்வொரு இடத்துலயும் யாரும் பேசாம, நடக்காம 3 நிமிஷம் வெறும் சூழல் ஒலி எடுங்க. மடை ஓரம் தண்ணி ஓடுறது தனியா, கோரைப்புல் உரசுறது தனியா, உள்வாய் நடுவுல தனியா. ஒவ்வொண்ணுக்கும் முன்னாடி இடம், தேதி, நேரத்த வாயால சொல்லிப் பதிவு பண்ணுங்க. ரெண்டு மாசம் கழிச்சு எடிட் மேசையில அதுதான் கைகொடுக்கும்.

ஒண்ணு மட்டும் தயவுசெஞ்சு செய்யாதீங்க. நாரையக் காட்டிட்டு வேற ஏதோ பறவை கத்துறத ஒட்டுறது. வளர்ந்த சங்குவளை நாரையும் நத்தைகுத்தி நாரையும் பெரும்பாலும் குரல் கொடுக்காது. கூட்டுல அலகு ரெண்டையும் படபடன்னு தட்டும். கத்துறது குஞ்சுங்கதான். அந்த அலகுத் தட்டல் ஒலியே மரக்கட்டையத் தட்டுற மாதிரி அவ்வளவு அழகா இருக்கும், அத எடுத்துப் போடுங்க.

---

கண்மாய்க்கரை எழுதியது:

மூவருக்கும் மிக்க நன்றி. செங்கல் சோதனை செய்து பார்த்தேன், லென்ஸில் பழுதில்லை. இன்னும் இரண்டு சந்தேகம். பால்ஹெட்டில் பேன் செய்தால் (கேமராவைப் பக்கவாட்டில் திருப்பினால்) தொடக்கத்திலும் முடிவிலும் குலுங்குகிறது. அடுத்தது, நத்தைகுத்தி நாரை நத்தை தின்னும் காட்சியை 40 நிமிடம் எடுத்தும் எடிட்டில் 20 விநாடி தேறவில்லை. எங்கே தப்பு?

---

நாகமலை பதில்:

குலுங்கலுக்குக் காரணம் பால்ஹெட். வீடியோவுக்கு, சீராக வழுக்கித் திரும்பும் ஃபுளூயிட் ஹெட் வேண்டும். உங்கள் லென்ஸும் பாடியும் சேர்ந்து 3 கிலோ அளவில் வரும், அதற்கு 6 முதல் 8 கிலோ தாங்கும் ஹெட், ஹெட் உட்காரும் 75 மி.மீ. கிண்ணம் உள்ள ட்ரைபாட் கால்கள். கேமராவை நீளத் தகட்டில் முன்னும் பின்னும் நகர்த்தி, கையை விட்டாலும் சாயாத இடத்தில் பூட்டுங்கள். நடுத்தண்டை உயர்த்தவே கூடாது. காற்றில் ஆடாமலிருக்கச் சிலர் ட்ரைபாடில் பையைத் தொங்கவிடுகிறார்கள், அது ஊசலாடி இன்னும் குலுக்கும். மணல் மூட்டையைத் தரையில் படும்படி கட்டுங்கள். பேன் செய்யும்போது ஸ்டெபிலைசரை நிறுத்திவிடுங்கள், தொடக்கத்தில் நகர்வை எதிர்த்து இழுத்து முடிவில் விட்டுத் துள்ளுவது அதுதான். கார் ஜன்னலில் வைத்து எடுத்தால் லென்ஸுக்கு அடியில் பீன்பேக் (விதை நிரப்பிய பை). அதற்குள் அரிசி போட்டால் வண்டு வரும், கழுவிக் காயவைத்த புளியங்கொட்டை 2 கிலோ போதும்.

வெளிச்சத்துக்கு ஒரு கணக்கு. 50 ஃபிரேமுக்கு ஷட்டர் 1/100. நல்ல வெயிலில் எஃப் 6.3, ஐஎஸ்ஓ 100 என்றால் என்டி 8 (வெளிச்சத்தை எட்டில் ஒரு பங்காக்கும் கண்ணாடி) வேண்டும். லாக் (பின்னால் நிறம் திருத்த வசதியான பதிவு முறை) வைத்து ஐஎஸ்ஓ 800-இல் எடுத்தால் என்டி 64. உங்கள் லென்ஸுக்கு 95 மி.மீ. அளவு. திருகிக் கூட்டும் வகை வேண்டாம், 600-இல் அது படத்தை மழுக்கும். விடியலில் என்டி தேவையே இல்லை.

நத்தைகுத்தி விஷயத்தில் தப்பு உங்களிடம் இல்லை, பறவையின் பழக்கம் அப்படி. அது நத்தையை உடைப்பதில்லை. கீழலகின் நுனியை ஓட்டின் மூடிக்கும் ஓட்டுக்கும் இடையே செருகி, உள்ளே பிடித்திருக்கும் தசையை அறுத்துச் சதையை உருவுகிறது. இதில் பெரும்பகுதி தண்ணீருக்கு அடியில் நடக்கும். முக்கியமான கணத்தில் வெளியே தெரிவது குனிந்த தலை மட்டும்தான். ஒரே கோணத்தில் 40 நிமிடம் ஓடவிட்டால் 40 நிமிடமும் குனிந்த தலைதான் இருக்கும்.

ஆகவே துண்டு துண்டாக யோசியுங்கள். கால்கள் சேற்றில் மெல்ல எடுத்து வைப்பது. அலகு துழாவுவது, தண்ணீரில் வட்டம் பரவுவது. முகம் மட்டும், நெருக்கத்தில்: கண்மேல் வெள்ளைச் சவ்வு ஓடி மறைவதை 100 ஃபிரேமில், ஷட்டர் 1/200-இல் எடுங்கள். தலை நிமிர்ந்து விழுங்குவது, தொண்டையில் இறங்குவது. பக்கத்தில் நிற்கும் குருட்டுக்கொக்கு அதைப் பார்ப்பது. கடைசியாகப் பறவை போன பிறகு மறைப்பை விட்டு இறங்கி, சேற்றில் கிடக்கும் வெறும் ஓட்டை மேக்ரோவில் எடுங்கள். ஓடு விரிசல் இல்லாமல் முழுசாகக் கிடக்கும், மூடி தனியே கிடக்கும். பறவை என்ன செய்தது என்பதை அந்த ஒரு ஷாட் சொல்லிவிடும், பின்னணிக் குரலே தேவைப்படாது. எல்லாம் ஒரே நாளில் கிடைக்க வேண்டியதில்லை, ஆனால் வெளிச்சத்தின் திசையும் நீர்மட்டமும் ஒத்துப்போக வேண்டும். தை மாதத்து முகத்தையும் பங்குனி மாதத்துச் சேற்றையும் ஒட்டினால் பார்ப்பவருக்குக் காரணம் தெரியாமலே உறுத்தும்.

ஷாட்டைச் சட்டென்று வெட்டாதீர்கள். செயல் முடிந்த பிறகும் பத்து விநாடி அசையாமல் விடுங்கள். பறவை அடுத்து என்ன செய்கிறது என்பது அந்தப் பத்து விநாடியில்தான் கிடைக்கும்.

கார்டுக் கணக்கு: 200 மெகாபிட்டில் மணிக்கு 90 ஜிபி. அன்றன்றே இரண்டு டிஸ்க்கில் ஏற்றி, ஒன்றை வேறு வீட்டில் வையுங்கள். இரண்டிலும் கோப்பு திறக்கிறதா என்று பார்க்கும் முன் கார்டை அழிக்காதீர்கள்.

---

மேலூர் வல்லூறு பதில்:

ஒரு சின்னச் சேர்க்கை. சித்திரையில் மறைப்புக்குள் கேமரா சூடாகி நின்றுவிடும், அதுவும் 50 ஃபிரேமில் சீக்கிரமே. பின்திரையை உடலைவிட்டு விலக்கித் திறந்து வையுங்கள், மெனுவில் சூட்டு வரம்பை உயர்த்தி வையுங்கள். கேமரா மேல் வெள்ளைத் துண்டைப் போடுங்கள். ஈரத்துண்டு வேண்டாம், பட்டன் இடுக்கில் தண்ணீர் இறங்கும். சும்மா ஓடவிடாமல் ஷாட்டுக்கு ஷாட் நிறுத்துங்கள். சில கேமராக்களில் பட்டனை அழுத்துவதற்கு முந்திய சில விநாடிகளையும் சேர்த்துப் பதியும் வசதி இருக்கிறது, உங்களுடையதில் இருந்தால் மீன்கொத்தி பாயும் காட்சிக்கு அதைப் பயன்படுத்துங்கள்.

மீன்பிடி நாளைக்குத் தேதி குறித்ததும் ஊரில் சொல்வார்கள். அன்று 600-ஐ வீட்டில் வைத்துவிட்டு 24-70 மட்டும் கொண்டு போங்கள். ஊத்தா, கச்சா என்ற மீன்பிடி கருவிகளோடு ஊரே உள்வாயில் இறங்கியிருக்கும்போது கொக்கும் நாரையும் கரையோரம் காத்து நிற்கும். அதை ஒரே ஃபிரேமில் எடுக்கக் கரைமேல் கலுங்குப் (மிகைநீர் வழியும் இடம்) பக்கம் நில்லுங்கள், வெயில் ஏறுவதற்குள்.